அதிகாலை நான்கு பத்தின் வானம்

கோளரங்கத்தில் பிரைடல் ஷவர் வைக்கலாம் என்று சொன்னது நான்தான். வேறு யார் தலையிலும் அந்தப் பழியைக் கட்ட முடியாது.

எனக்கு அங்கேதான் வேலை. வட்டமான கூடம், மேலே வெள்ளைக் குவிமாடம், சாய்ந்து படுத்துப் பார்க்கிற நூற்று நாற்பது இருக்கைகள். அவற்றில் இரண்டு, சாய்ந்தால் நிமிராது. பின்கோடியில் என் மேசை. ஒரு திரை, வரிசையாகப் பொத்தான்கள், ஒரு மைக். நாளுக்கு நான்கு முறை பள்ளிக்கூடப் பிள்ளைகளை உட்கார வைத்துச் சூரியனை மறைய வைப்பேன், நட்சத்திரங்களைக் கொண்டுவருவேன். எந்த வருடம், எந்தத் தேதி, எந்த மணி என்று தட்டினாலும் அந்த நேரத்து வானம் அப்படியே மேலே வந்து நிற்கும். பல வருடம் ஆகியும் எனக்கு அது சலித்ததில்லை.

இந்த வேலையால்தான் என் தோழி எனக்கு ‘வாலு’ என்று பெயர் வைத்தாள். “வால்நட்சத்திரம்னு முழுசா கூப்பிட்டா உனக்குத் தலைக்கனம் ஏறிடும். வாலு போதும்,” என்பாள். நான் அவளைச் சில்லறை என்பேன். சிரித்தால் தரையில் சில்லறையைக் கொட்டின மாதிரி இருக்கும். மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை பார்த்தாள். பதினாறு வயதில் ஒரே பெஞ்சில் உட்கார்ந்ததிலிருந்து நாங்கள் பிரிந்ததே இல்லை. அவளுக்குக் கல்யாணம் நிச்சயமானதும், தோழிகள் சேர்ந்து அவளுக்கு பிரைடல் ஷவர் என்று ஒரு விருந்து வைக்க வேண்டும் என்று ஆனதும், எல்லாரும் என்னைத்தான் பார்த்தார்கள். நானும் அதற்குத்தான் காத்திருந்தேன்.

திங்கள்கிழமை எங்களுக்கு விடுமுறை. மேலாளரின் கையைக் காலைப் பிடித்து மதியம் மூன்றிலிருந்து ஐந்து வரை கூடத்தை வாங்கினேன். “குவிமாடத்துக்குள்ள கேக் கூடாது, பலூன் கூடாது. மெழுகுவத்திப் பேச்சையே எடுக்காத,” என்றார். சாப்பாட்டை எல்லாம் முன்கூடத்தில் வைத்துக்கொள்வதாகச் சத்தியம் செய்தேன்.

‘வானம்’ என்பதுதான் விருந்தின் கரு. அழைப்பிதழை எங்கள் நுழைவுச் சீட்டு மாதிரியே அச்சடித்தேன். எல்லாரும் கருநீலத்தில் வர வேண்டும். நெருங்கினவர்களுக்கு ஆளுக்கு ஒரு கோள், அதற்கு ஒரு அட்டைப் பதக்கம். பட்டியலைக் காட்டியதும் சில்லறையின் சித்தி சண்டைக்கு வந்துவிட்டாள்.

“இத்தன பேர் இருக்காங்க, எனக்குத்தான் சனியா?”

“சனிக்குத்தான் சித்தி வளையம் இருக்கு. பாக்கவே அழகு.”

“வளையம் உன் கையில இருக்கட்டும். எனக்கு வியாழன மாத்து. அது சரி, ஷவர் ஷவர்ங்கறீங்களே, யார் குளிக்கப் போறா?”

சித்தியை வியாழனாக்கினேன். சனியை எனக்கே எடுத்துக்கொண்டேன்.

ஆனால் விருந்தின் உச்சமாக நான் நினைத்தது வேறு. எல்லாரும் சாய்ந்து படுத்ததும் விளக்குகளை அணைத்து, சில்லறை பிறந்த நாளில், பிறந்த நேரத்தில் இருந்த வானத்தை மேலே கொண்டுவர வேண்டும். அவள் இந்த உலகத்துக்கு வந்தபோது எந்த நட்சத்திரம் எங்கே நின்றது என்று காட்ட வேண்டும். அதைவிட நல்ல பரிசை யாராலும் தர முடியாது என்று எனக்குள் ஒரே பெருமை. அவளிடம் மூச்சுவிடவில்லை.

தேதி தெரியும். மணி தெரியாது. அதைக் கேட்கத்தான் அவள் அம்மாவிடம் போனேன்.

அம்மா பள்ளிச் சீருடை தைப்பவர். முன்னறை முழுக்க வெட்டின துணி, நடுவில் தையல் மெஷின். சில்லறைக்குப் பன்னிரண்டு வயதில் அப்பா போனதிலிருந்து அந்த மெஷின்தான் அந்த வீட்டை ஓட்டியது. நான் விஷயத்தைச் சொன்னேன். அம்மாவின் கால் மிதியில் நின்றது.

“நேரம் ஞாபகம் இல்லம்மா.”

“தோராயமா சொன்னாக்கூட போதும்மா. காலையா, ராத்திரியா?”

“இத்தன வருஷம் ஆச்சு. யாருக்கு ஞாபகம் இருக்கு.” துணியை ஊசிக்குக் கீழே இழுத்துச் சரிசெய்தார். “வானமெல்லாம் எதுக்கும்மா? பூங்காவுல வெச்சுக்கோங்களேன். மேசை விரிப்பு எல்லாம் நானே தெச்சுத் தரேன்.”

பெற்ற நேரத்தை எந்தத் தாயாவது மறப்பாளா என்று நான் அப்போதே யோசித்திருக்க வேண்டும். யோசித்தேன்தான். ஆனால் அம்மா கூச்சப்படுகிறார், தன் பிள்ளைக்கு இவ்வளவு ஆர்ப்பாட்டமா என்று நினைக்கிறார் என்று எனக்கு வசதியான காரணத்தை நானே கண்டுபிடித்துக்கொண்டேன். சில்லறையின் பிறந்தநாளில் அம்மா யாருக்கும் முகம் கொடுக்க மாட்டார் என்று அவளே கேலியாகச் சொன்னதுண்டு. “கேக் வெட்டுறப்ப பாரு, எங்கம்மா மூஞ்சி கடன்காரன் வந்த மாதிரி இருக்கும்.” அதுவும் அன்றைக்கு என் நினைவுக்கு வந்தது. வந்ததை ஓரமாகத் தள்ளிவிட்டேன்.

அந்த வாரமே கல்யாணப் பதிவுக்காகச் சில்லறை தன் சான்றிதழ்களை நகலெடுத்து வரச் சொல்லி என்னிடம் கொடுத்தாள். அவற்றில் பிறப்புச் சான்றிதழும் இருந்தது. அதில் மருத்துவமனையின் பெயர் இருந்தது. எனக்கு அதிர்ஷ்டம் வீடு தேடி வந்த மாதிரி ஆகிவிட்டது. அரைநாள் விடுப்பு எடுத்துக்கொண்டு அந்த மருத்துவமனைக்குப் போனேன்.

பதிவேடுகள் வைக்கிற அறை கீழ்த்தளத்தில். கூரையில் குழாய்கள், சுவரெல்லாம் இரும்பு அலமாரி. அங்கிருந்த குமாஸ்தா நல்ல மனுஷர். சான்றிதழைப் பார்த்தார், கல்யாணத்துக்கு என்றேன், மேலே எதுவும் கேட்கவில்லை. முக்கால் மணி நேரம் தேடி, பக்கங்கள் ஒட்டிக்கொண்ட ஒரு தடித்த புத்தகத்தைக் கொண்டுவந்து விரலை வைத்தார். பெண் குழந்தை. அதிகாலை நான்கு பத்து.

நான் எழுதிக்கொள்ளும்போதே அவர் கேட்டார். “இதே பேர்ல, இதே அம்மா பேர்ல இன்னொரு பதிவும் இருக்கும்மா. அஞ்சு மாசம் கழிச்சு, குழந்தைங்க வார்டுல. அதையும் எடுக்கட்டுமா?”

“வேண்டாங்க. எனக்கு மணி மட்டும் போதும்.”

இரண்டரைக் காட்சிக்குப் பிள்ளைகள் வந்துவிடுவார்கள் என்ற அவசரம் எனக்கு. அந்தப் பக்கத்தைப் புரட்ட அவருக்கு இரண்டு நிமிடம் ஆகியிருக்குமா? அதைப் பற்றி எத்தனையோ முறை நினைத்துவிட்டேன்.

விருந்துக்கு நான்கு நாள் இருக்கும்போது அம்மா போன் செய்தார். அவர் எனக்கு போன் செய்வதே அபூர்வம்.

“எல்லாம் உன் இஷ்டப்படி பண்ணும்மா, நான் ஒண்ணும் சொல்லல. அந்தப் பொறந்த நேரம் சமாச்சாரத்த மட்டும் விட்டுடு. என்னம்மா?”

“சரிம்மா. விட்டுட்டேன்.”

“நிஜமாவா?”

“நிஜமாம்மா.”

பொய். வாய் கூசாமல் சொன்னேன். நான்கு பத்து என்று எழுதின காகிதம் அப்போது என் கைப்பையில் இருந்தது. வானத்தைப் பார்த்ததும் அம்மாவே கண்கலங்கி என்னைக் கட்டிக்கொள்வார் என்று நினைத்தேன். கண்கலங்கியதும் கட்டிக்கொள்வதும் வரை மனதுக்குள் படம் ஓட்டி வைத்திருந்தேன்.

திங்கள்கிழமை இருபத்தைந்து பெண்கள் கருநீலத்தில் வந்து இறங்கினார்கள். முன்கூடத்தில், ‘நிலாவில் உங்கள் எடை’ என்று எழுதிய தராசுக்கு ஒரே கூட்டம். சித்தி மூன்று முறை ஏறி இறங்கி, “நான் நிலாவுக்கே போயிடறேன்,” என்றாள். மாப்பிள்ளையின் அக்கா, செவ்வாய்ப் பதக்கத்தைக் குத்திக்கொண்டு, எல்லாருடனும் போட்டோ எடுத்துக்கொண்டாள். சில்லறைக்குச் சூரியன். பொன்னிற அட்டையைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு, என் கன்னத்தைக் கிள்ளி, “ஏய் வாலு, பின்னிட்டடி,” என்றாள். அம்மா தான் தைத்துத் தந்த விரிப்புகளை நீவி நீவிச் சரிசெய்துகொண்டிருந்தார். என்னைப் பார்த்துச் சிரித்தார். நம்பிக்கையான சிரிப்பு. எனக்கு ஒரு கணம் உறுத்தியது. ஒரு கணம்தான்.

நான்கு மணிக்கு எல்லாரையும் உள்ளே உட்கார வைத்தேன். சில்லறை நடுவில், அவளுக்குப் பக்கத்தில் அம்மா, அந்தப் பக்கம் சித்தி. விளக்குகளை மெல்ல மெல்ல அணைத்தேன். வழக்கம்போல இருட்டில் ஒரு “ஆஆ” எழுந்தது. முதலில் அன்று மாலை வானத்தைக் காட்டினேன். கோள்களை ஒவ்வொன்றாகச் சுட்டிக்காட்டி, பதக்கம் போட்டவர்களைக் கை தூக்கச் சொன்னேன். சிரிப்பும் கூச்சலும். அப்புறம் மைக்கைக் கிட்டே இழுத்துக்கொண்டேன்.

“இப்ப நாம பின்னாடி போறோம். ரொம்பப் பின்னாடி.”

வானம் சுழன்றது. வருடங்கள் தலைக்கு மேல் ஓடின. நின்றது. கிழக்கே வெள்ளி தாழ்வாக, பளிச்சென்று. நான் தேதியைச் சொன்னேன். “அதிகாலை நாலு பத்து. இந்த வானத்துக்குக் கீழதான் நம்ம சில்லறை பொறந்தா.”

கைதட்டல். யாரோ விசில் அடித்தார்கள். அதற்கு நடுவே ஒரு சத்தம் வந்தது. முதலில் யாரோ இருமுகிறார்கள் என்று நினைத்தேன். கைதட்டல் அடங்க அடங்க அது தனியாகக் கேட்டது. அம்மா சில்லறையின் உண்மையான பெயரைச் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். பக்கத்தில் இருப்பவளைக் கூப்பிடுகிற மாதிரி இல்லை. மேலே பார்த்துக் கூப்பிட்டார்.

“அம்மா, நான் இங்கதான் இருக்கேன்,” என்று சில்லறை சிரித்துக்கொண்டே சொல்வது கேட்டது.

“இது நீ இல்ல,” என்றார் அம்மா. “இது என் பெரியவ.”

அந்தக் குவிமாடத்தில் ஒரு வசதி உண்டு, முணுமுணுத்தாலும் எல்லாப் பக்கமும் கேட்கும். சித்தி, “அக்கா, அக்கா, வேண்டாம், எழுந்திரு,” என்றதும் கேட்டது. சில்லறை, “யாரும்மா பெரியவ?” என்றதும் கேட்டது. ஐந்து வருடமாகக் கண்ணை மூடிக்கொண்டு அழுத்துகிற பொத்தான், அன்றைக்கு எது என்று தெரியவில்லை. தடுமாறி எதையோ அழுத்த, வானம் இன்னும் பிரகாசமானது. அப்புறம்தான் விளக்கு வந்தது.

அம்மா முகத்தை இரு கையாலும் மூடிக்கொள்ள, சித்தி அவரை வெளியே கூட்டிப்போனாள். சில்லறை பின்னால் ஓடினாள். மற்றவர்கள் சாய்ந்த நாற்காலிகளிலிருந்து எழத் தெரியாமல் எழுந்தார்கள்.

முன்கூடத்தில், தராசுக்குப் பக்கத்து பெஞ்சில்தான் அம்மா சொன்னார். சுற்றிலும் நீல உடுப்பும் அட்டைக் கோள்களும். அவர் யாரையும் பார்க்கவில்லை. முதலில் ஒரு பெண் பிறந்தது. அதிகாலை நான்கு பத்துக்கு. ஐந்து மாதத்தில் காய்ச்சல் வந்து, இரண்டே நாளில் குழந்தை இறந்துவிட்டது. அடுத்த வருடம், வேறு ஊரில், வீட்டிலேயே இன்னொரு பெண் பிறந்தது. அதற்கும் அதே பெயரை வைத்தார்கள். பிறப்பைப் பதியவில்லை. பள்ளியில் சேர்க்கப் போனபோது காகிதம் கேட்டார்கள். அப்பா பெட்டியிலிருந்து பெரியவளின் சான்றிதழை எடுத்து நீட்டினார்.

“அவரு அதக் கிழிக்கவே இல்ல. கிழிச்சா இன்னொரு தடவ தூக்கிக் கொடுத்த மாதிரி இருக்கும்னாரு,” என்றார் அம்மா.

சில்லறையின் கழுத்தில் சூரியன் தொங்கிக்கொண்டிருந்தது. அதை மெதுவாகக் கழற்றி மேசை மேல் வைத்தாள். மாப்பிள்ளையின் அக்கா, கெட்ட எண்ணத்தில் இல்லை, வாய் சும்மா இருக்காமல், “அப்ப பொண்ணுக்கு நிஜமா என்ன வயசு?” என்று கேட்டாள். யாரோ ஒருத்தி பழக்க தோஷத்தில் கேக்கை வெட்டி எல்லாருக்கும் நீட்டினாள். நின்றபடியே தின்றார்கள். ஐந்து மணிக்கு மேலாளர் சாவியோடு வந்தபோது நான் மட்டும்தான் விரிப்புகளை மடித்துக்கொண்டிருந்தேன்.

மறுநாள் கண்ணாடிக் கடைக்குப் போனேன். சில்லறை வெளியே வந்தாள். கத்துவாள் என்று நினைத்தேன். கத்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

“எனக்குத் தெரியாதுடி,” என்றேன். “சத்தியமா தெரியாது.”

“தெரியாதுதான். அம்மா வேண்டாம்னு சொன்னது தெரியும்ல?”

நான் கடை ஜன்னலில் அடுக்கியிருந்த கண்ணாடிகளைப் பார்த்தேன்.

“ரெண்டு தடவ சொன்னாங்களாமே. நீ விட்டுட்டேன்னு சொன்னியாமே.” அவள் கையில் கண்ணாடி துடைக்கிற துணி இருந்தது. அதையே மடித்து மடித்துப் பிரித்தாள். “இருபத்தாறு வருஷமா எங்கம்மா அத எப்படிச் சொல்றதுன்னு தவிச்சிருக்காங்க வாலு. எனக்கு எதுக்கு இப்ப இருபத்தஞ்சு பேர் முன்னாடி தெரியணும்?”

உள்ளே யாரோ கூப்பிட்டார்கள். போய்விட்டாள்.

அம்மாவைப் பார்க்க எனக்கு ஒரு வாரம் ஆயிற்று. போகும்போது என்னென்ன சொல்ல வேண்டும் என்று வழியெல்லாம் சொல்லிப் பார்த்துக்கொண்டு போனேன். அம்மா தண்ணீர் கொண்டுவந்து வைத்தார். மெஷினை மூடிவிட்டு எதிரில் உட்கார்ந்தார்.

“என்னை மன்னிச்சிடுங்கம்மா.”

“உன் மேல கோவம் இல்லம்மா. நல்லது செய்யணும்னுதான் செஞ்ச.” டம்ளரை என் பக்கம் நகர்த்தினார். “கல்யாணத்துக்கு முன்னாடி நானே சொல்லிடணும்னு இருந்தேன். விருந்து வெச்ச வாரத்து வியாழக்கிழமை அவளுக்கு லீவு. ரெண்டு பேரும் தனியா இருப்போம், மத்தியானம் சாப்ட்டுட்டு சொல்லலாம்னு. என்ன பேசணும்னு நாலஞ்சு மாசமா மனசுக்குள்ள ஒத்திகை பாத்தேன். எங்க ஆரம்பிச்சு எங்க முடிக்கணும்னு கூட வெச்சிருந்தேன்.” கையை விரித்துக் காட்டினார். “இப்ப சொல்றதுக்கு ஒண்ணும் இல்ல.”

திங்களுக்கும் வியாழனுக்கும் நடுவே இரண்டு நாள். அந்த இரண்டு நாளை நான்தான் அவரிடமிருந்து பிடுங்கினேன். அன்றைக்கு அவர் என்னைத் திட்டவில்லை, வாசல் வரை வந்து வழியனுப்பினார். தெருமுனை திரும்பியதும் பூட்டின ஒரு கடையின் படியில் உட்கார்ந்துவிட்டேன்.

கல்யாணம் குறித்த தேதியில் நடந்தது. மாப்பிள்ளை தங்கமானவர், வயதைப் பற்றியோ காகிதத்தைப் பற்றியோ ஒரு வார்த்தை கேட்கவில்லை. பதிவு அலுவலகத்தில் சாட்சிக் கையெழுத்துப் போடுவது நான் என்று முன்பே பேசி வைத்திருந்தது. முந்தின நாள் சில்லறை ஒரு வரி அனுப்பினாள்: “சித்தி போடுறாங்க. நீ வந்துடு.” வந்தேன். பின்வரிசையில் நின்றேன். பிறந்த தேதி எழுத வேண்டிய இடத்தில் அவள் பேனா நின்றது. அம்மாவைப் பார்த்தாள். அம்மா தலையசைத்தார். சான்றிதழில் இருந்த தேதியையே எழுதினாள்.

எங்களுக்குள் சண்டை என்று எதுவும் இல்லை. அதுதான் கஷ்டம். சண்டை என்றால் சமாதானம் ஆகலாம். நான் போன் செய்தால் எடுப்பாள், நன்றாகத்தான் பேசுவாள், ஆனால் கொஞ்ச நேரத்தில் பால் பொங்குது என்பாள், யாரோ வந்திருக்காங்க என்பாள். வாலு என்று கூப்பிடுவது எப்போது நின்றது என்று தெரியவில்லை. ஒருநாள் கவனித்தேன், என் பெயரைச் சொல்லிப் பேசிக்கொண்டிருந்தாள். நானும் சில்லறை என்பதை விட்டுவிட்டேன். அவள் சிரித்துக் கேட்டும் வெகுநாள் ஆகியிருந்தது.

கோளரங்கத்தில் இப்போதும் அதே வேலைதான் பார்க்கிறேன். பிள்ளைகள் சில சமயம், “எங்க பொறந்தநாள் வானத்தப் போடுங்க டீச்சர்,” என்று கத்துவார்கள். இன்னொரு நாள் பார்க்கலாம் என்று சொல்லிவிட்டு வேறு எதையாவது காட்டுவேன்.

மூன்று வருடம் கழித்து, போன மாதம், ஒரு பஸ்ஸில் ஏறினேன். நல்ல கூட்டம். நடுவில் ஒரு கை என்னைப் பார்த்து ஆடியது. அம்மா. பக்கத்தில் சில்லறை, மடியில் தூங்குகிற ஒரு கைக்குழந்தை. பெண் குழந்தை என்று கேள்விப்பட்டிருந்தேன், பார்த்ததில்லை. அம்மா மடியில் இருந்த பையைக் காலடியில் இறக்கி, நெருக்கி நகர்ந்து, “இப்படி உக்காரும்மா, ஏன் நிக்கற,” என்றார்.

உட்கார்ந்தேன். குழந்தைக்கு எத்தனை மாதம் என்று கேட்டேன். ஏழு என்றாள் சில்லறை. பல் வருகிறது, அதனால் தூக்கமே இல்லை என்றாள். முகம் கொஞ்சம் சதை போட்டிருந்தது, அழகாக இருந்தாள். என் அம்மாவைப் பற்றிக் கேட்டாள். நான் கேட்டதற்கெல்லாம் பதில் சொன்னாள். பேரனுக்கோ பேத்திக்கோ வாங்குகிற எல்லாரையும் போல அம்மா துணிக்கடைப் பையைத் திறந்து காட்டினார். மஞ்சளில் ஒரு சின்ன சட்டை. அதற்குக் கீழே ஒரு சேலையும் இருந்தது.

“இது இவளுக்கு,” என்றார் அம்மா சில்லறையைக் காட்டி, சந்தோஷமாக. “போன வாரம் இவ பொறந்தநாள். நிஜப் பொறந்தநாள். இப்பெல்லாம் அதத்தான் கொண்டாடறோம். என்ன தேதி தெரியுமா...”

“அம்மா,” என்றாள் சில்லறை.

கோபமாகச் சொல்லவில்லை. குழந்தை எழுந்துவிடுமே என்பது போல, மெதுவாக. அம்மா பேச்சை நிறுத்திப் பையை மூடினார். சில்லறை ஜன்னல் பக்கம் திரும்பி, குழந்தையின் தலையில் வெயில் படாமல் கையை வைத்துக்கொண்டாள்.

நான் இறங்க வேண்டிய இடத்துக்கு இன்னும் மூன்று நிறுத்தம் இருந்தது. அடுத்ததிலேயே எழுந்துகொண்டேன். “போய்ட்டு வரேன்மா,” என்றேன். “வீட்டுக்கு வாம்மா ஒரு நாள்,” என்றார் அம்மா. சில்லறையும் தலையை ஆட்டினாள்.